நெதர்பெக் தொகுதியின் ஐந்து புள்ளடிகள்

இங்கிலாந்தின் வடக்கே நெதர்பெக் என்றொரு பாராளுமன்றத் தொகுதி இருந்தது. இப்போது இல்லை. எண்பத்து மூன்றாம் ஆண்டு எல்லைகளைத் திருத்தியபோது அதை இரண்டாகப் பிளந்து பக்கத்துத் தொகுதிகளோடு ஒட்டிவிட்டார்கள். அந்த ஊர்ச் சனங்களே அதை மறந்திருப்பார்கள். ஆனால் ரொறன்ரோவில், மில்லிக்கனில் ஒரு வீட்டில், அந்தத் தொகுதி உயிரோடும் கோபத்தோடும் இருந்தது. மங்கையற்கரசி தாலி ஏறிய நாள் முதல் அதையும் சேர்த்துத்தான் குடும்பம் நடத்தினாள்.

அவளுடைய கணவர் இரத்தினவேலுக்கு அந்தத் தொகுதியின் தேர்தல் வரலாறு தேவாரம் மாதிரிப் பாடம். வீட்டுக்கு வந்தவர்கள் யாராவது, “அண்ணை, நீங்கள் முந்தி இங்கிலாந்திலயும் இருந்தனீங்களோ?” என்று வாய் தவறிக் கேட்டால் போதும், தொலைந்தார்கள். விக்ரோறியா மகாராணி காலத்தில் தொகுதி பிறந்த கதையில் தொடங்குவார். முதலில் பஞ்சாலை முதலாளிகள் தகப்பன் மகன் என்று மாறி மாறி வென்றார்கள். பிறகு லிபரல் கட்சிக்கு ஒரு நல்ல காலம் வந்தது. முதலாம் யுத்தத்துக்குப் பிறகு பழைமைவாதிகள் பிடித்த பிடியை விடவேயில்லை. தொழிற்கட்சிக்காரர் அங்கே எப்போதும் மூன்றாவதுதான். இப்படியே ஐம்பதுகளைத் தாண்டி அறுபத்தாறுக்கு வரும்போது அவருடைய குரல் இறங்கிவிடும். வந்தவர்களின் தேத்தண்ணி அதற்கு முன்னமே ஆறியிருக்கும்.

அறுபத்தாறில் அவர் அந்த ஊரில் படித்துக்கொண்டிருந்த இளந்தாரி. “கறுத்த ஆட்களுக்கு அறை இல்லை” என்று வீட்டுக்கு வீடு மட்டை தொங்கிய காலம். ஹோல்றொயிட் என்ற மருந்துக்கடைக்காரர்தான் தன் கடைக்கு மேலே இருந்த அறைகளைத் தமிழ்ப் பெடியன்களுக்குக் கொடுத்தவர். அவர் லிபரல் கட்சி வேட்பாளர். இரண்டு முறை கேட்டுத் தோற்றவர், மூன்றாம் முறை வெல்லப்போகிறார் என்று ஊரே சொன்னது. எதிரே நின்றவர் பழைமைவாதக் கட்சி வேட்பாளர், பட்டாளத்தில் கேணலாக இருந்தவர். கேணலை இரத்தினவேல் ஒருநாளும் பெயர் சொல்லிக் குறிப்பிட்டதில்லை. “கேணல்” என்பார், அதுவும் பல்லைக் கடித்துக்கொண்டு.

பொதுநலவாய நாட்டுக்காரர் என்பதால் இலங்கைக்காரருக்கும் அங்கே வாக்கு இருந்தது. ஹோல்றொயிட்டுக்காகக் கதவு கதவாகத் தட்டித் திரிந்த இரத்தினவேல், மேல்மாடியில் இருந்த பெடியன்கள் ஐந்து பேரும் சீட்டில் அவருக்கே புள்ளடி என்ற பெருக்கல் குறியைப் போடுவார்கள் என்று வாக்குக் கொடுத்திருந்தார். அந்த ஐந்து பேரில் ஒருவன் அவருடைய உயிர்ச் சிநேகிதன் சீமோன்; மற்ற நாலு பேரையும் சாவடிக்குக் கூட்டிவருகிற பொறுப்பு அவனுடையது. ஒரே தட்டில் சாப்பிட்ட சிநேகிதம். அன்றைக்கு நல்ல மழை. சாவடி வாசலில் குடையோடு நின்ற இரத்தினவேல் பார்த்துக்கொண்டிருக்க, கேணலின் கார் வந்து நின்றது. கொடியும் நாடாவும் கட்டிய கார். அதிலிருந்து சிரித்துக்கொண்டு சீமோனும் மற்ற நாலு பேரும் இறங்கினார்கள்.

மூன்று தரம் எண்ணினார்கள். ஹோல்றொயிட் இரண்டு வாக்குகளால் தோற்றுப்போனார். அன்றிரவே இரத்தினவேல் பெட்டியைக் கட்டிக்கொண்டு வேறு அறைக்குப் போய்விட்டார். சீமோனோடு பிறகு ஒரு சொல் பேசவில்லை.

“உவன் சீமோன் ஒரு கார்ச் சவாரிக்கு என்ர மானத்தை வித்தவன்,” என்றுதான் கதை ஒவ்வொரு முறையும் முடியும்.

மங்கையற்கரசியின் கணவர் கெட்ட மனுசன் இல்லை. அவளுடைய தமையன் இவருடைய காரைக் கொண்டுபோய் மரத்தில் இடித்தபோதுகூட, “ஆளுக்கு ஒண்டும் இல்லைத்தானே” என்றவர். யாரையும் மன்னிப்பார். சீமோனை மட்டும் மன்னிக்கமாட்டார். ஒருமுறை அயல் வீட்டில் பிள்ளைக்கு சீமோன் என்று பெயர் வைத்து ஞானஸ்நானத்துக்கு அழைத்தபோது, தலையிடி என்று போர்த்துக்கொண்டு படுத்துவிட்டார். பாவம், அந்தக் குழந்தை என்ன செய்தது என்று அவளுக்கு வந்த எரிச்சல் சொல்லி மாளாது.

இப்படியான வீட்டில்தான் மூத்தவன் பிரியந்தன், தொண்ணூற்றேழாம் ஆண்டு பனி கரையத் தொடங்கிய நேரம், தான் ஒரு பிள்ளையை விரும்புவதாகச் சொன்னான். பெயர் ஏஞ்சலா. கத்தோலிக்கப் பிள்ளை. பிறம்ரனில் வீடு. மகனின் முகத்தைப் பார்த்த மங்கையற்கரசிக்கு இது விளையாட்டு இல்லை என்று தெரிந்தது. இந்தப் பிள்ளை இல்லையென்றால் அவன் வேறு யாரையும் ஏறெடுத்துப் பார்க்கப்போவதில்லை. சமயத்தைச் சொல்லித் தகப்பன் குழப்பினால் என்ன செய்வது என்று அவள் வேண்டாத தெய்வமில்லை. கர்த்தரையும் ஒருக்கால் கும்பிட்டு வைத்தாள், அவருக்கும் இதில் பங்கு இருக்கிறதுதானே.

இரத்தினவேல் குழப்பவில்லை. “கோயிலிலயும் செய்வம், சேர்ச்சிலயும் செய்வம். பிள்ளையின்ர முழுப்பேர் என்ன?” என்று மட்டும் கேட்டார்.

“ஏஞ்சலா அமிர்தநாதர்.”

“அமிர்தநாதர்! நல்ல மரியாதையான பேர். அமிர்தநாதரை வரச் சொல்லு, பேசுவம்.”

மகன் பெண்ணின் பெற்றோரை அங்கிள், அன்ரி என்றுதான் அறிவான். இந்த நாட்டில் எல்லோரும் அங்கிள்தான், எல்லோரும் அன்ரிதான். அதற்குமேல் ஒரு பெயர் இருக்குமென்று எந்தப் பிள்ளை யோசிக்கிறது?

அவர்கள் வருவதாகச் சொன்ன ஞாயிற்றுக்கிழமை, பிரித்தானியாவில் பொதுத்தேர்தல் முடிந்து மூன்றாம் நாள். இரத்தினவேல் வியாழன் தொட்டு தொலைக்காட்சியை விட்டு அசையவில்லை. நெதர்பெக்கை விழுங்கிய இரண்டு தொகுதிகளின் முடிவையும் தேடிப் பிடித்து, “இருந்திருந்தால் இந்த முறை திரும்பியிருக்கும், இஞ்சாரும், கட்டாயம் திரும்பியிருக்கும்,” என்று வடை சுட்டுக்கொண்டிருந்தவளுக்கு வந்து சொன்னார்.

“திரும்பட்டும். நீங்கள் போய் வேட்டியைக் கட்டுங்கோ,” என்றாள் அவள்.

மணி அடித்ததும் அவரே போய்க் கதவைத் திறந்தார். வாயெல்லாம் பல்.

“வாங்கோ அமிர்தநாதர், வாங்கோ வாங்கோ!”

வாசலில் கோட்டுப் போட்ட, தலைமயிர் கொட்டிய ஒரு மனுசன் கேக் பெட்டியோடு நின்றார். பக்கத்தில் அவருடைய மனைவி வேரோனிக்கா. அந்த மனுசன் உள்ளே கால் வைக்கவில்லை.

“அமிர்தநாதர் என்னைப் பெத்த ஐயா,” என்றார் மெதுவாக. “அவர் மோட்சத்துக்குப் போய்க் கனகாலம். எயார்போட்டில வந்து இறங்கேக்க ‘குடும்பப் பேர் என்ன’ எண்டு கேட்டாங்கள். குடும்பத்துக்கு மூத்தவர் ஐயாதானே எண்டு அவற்ர பேரைச் சொல்லிப்போட்டன். அண்டைக்குத் தொடக்கம் வீடு முழுக்க அமிர்தநாதர்தான். என்ர பேர் சீமோன். வேல், என்னைத் தெரியேல்லையோடா?”

இரத்தினவேலின் பல் உள்ளே போய்விட்டது. கதவுப் பிடியை விட்டுவிட்டுத் திரும்பி நடந்து, தொலைக்காட்சிக்கு முன்னால் போய் உட்கார்ந்துகொண்டார். வந்தவர்களை உள்ளே கூப்பிட்டு இருத்தியது மங்கையற்கரசிதான். உலகத்தில் எத்தனை கோடி மனுசர் இருக்க, இந்தச் சீமோனுக்குத்தானா பெண்பிள்ளை பிறக்கவேண்டும்? குசினி வாசலில் நின்ற மகன் ஒன்றும் விளங்காமல் தாயைப் பார்த்தான். அவள் எல்லோருக்கும் தேத்தண்ணிக் கோப்பைகளைக் கொண்டுவந்து வைத்தாள்.

“இந்தக் கலியாணம் சரிவராது,” என்றார் இரத்தினவேல், தொலைக்காட்சியைப் பார்த்தபடி.

வேரோனிக்கா பதறிவிட்டாள். “அண்ணை, சமயம் பற்றி யோசிக்கிறீங்களெண்டால், நாங்கள் கோயிலில தாலி கட்டவும் சம்மதம். ஃபாதரிட்டையும் கதைச்சுப்போட்டம்.”

“சமயமில்லைப் பிரச்சினை. நெதர்பெக்.”

“நெதர்பெக்கோ? அது ஆர், உங்கட சொந்தக்காரரோ?”

மங்கையற்கரசிக்கு அந்த நேரத்திலும் சிரிப்பு வந்தது. சொந்தக்காரர் என்றாலும் இவ்வளவு செலவில்லை. இந்த ஒரு விசயத்தில் வேரோனிக்கா தன்னைவிடக் கொடுத்துவைத்தவள் என்று நினைத்துக்கொண்டாள். அவளுடைய புருசன் அவளுக்கு அந்தத் தொகுதியைப் பற்றி ஒருநாளும் சொல்லியிருக்கவில்லை.

சீமோன் கோப்பையைத் தொடவில்லை. “வேல், உன்ர பெடியன்ர பேரோட இரத்தினவேல் எண்டு கிடந்ததைப் பார்த்த அண்டே எனக்குச் சந்தேகம். நீயாய்த்தான் இருக்கவேணும் எண்டு மாதாவை மண்டாடினன். முப்பத்தொரு வருசமாய் உன்னட்டை ஒண்டு கேக்கவேணும். நான் என்னடா பிழை செய்தனான்?”

அதைக் கேட்டதும் இரத்தினவேல் நாற்காலியோடு திரும்பினார். “என்ன பிழையோ? கேணலின்ர காரில வந்து இறங்கினியே, சிரிச்சுக்கொண்டு! நான் கண்ணால பார்த்தனான்!”

“ஓம், வந்தனான். மழை கொட்டுது, ஓசிக் கார் நிக்குது, ஏறினனாங்கள்தான். ஊரில என்ன செய்தனாங்கள்? யானைக் கட்சிக்காரன்ர காரில ஏறிப்போய் வீட்டுச் சின்னத்துக்குப் புள்ளடி போட்டிட்டு வரேல்லையே? கார் அவன்ர, புள்ளடி எங்கட ஆளுக்கு. கேணலுக்கு நல்லாச் சுத்திப்போட்டமெண்டுதான் சிரிச்சுக்கொண்டு இறங்கினது. உனக்குச் சொல்லிச் சிரிக்கத்தான் ஓடிவந்தனான், நீ முகத்தைத் திருப்பிக்கொண்டு போயிட்டாய்.”

“பொய்! ஐஞ்சு பேரும் போட்டிருந்தால் மருந்துக்கடை ஐயா எப்பிடியடா தோப்பார்?”

“போட்டமடா! ஐஞ்சு பேரும் போட்டம். என்ர பிள்ளையாணை. நீ சொன்ன மாதிரியே போட்டம். படம் இல்லை, சின்னம் இல்லை, கட்சிப் பேர்கூட இல்லை, ‘பேரை வடிவாய்ப் பார்த்து அலெக்ஸாண்டருக்குப் போடுங்கோ’ எண்டு நீதானே பாடமாக்கி விட்டனீ? சீட்டை விரிச்சால் முதலாவது வரியிலேயே கொட்டை எழுத்தில அலெக்ஸாண்டர் எண்டு கிடக்குது. அதுக்கு நேரை, கோட்டில முட்டாமல், அழகான புள்ளடி. வெளியில வந்து ஒருத்தரை ஒருத்தர் கேட்டும் பார்த்தம். ஐஞ்சும் அலெக்ஸாண்டருக்குத்தான்.”

“கேட்டீரோ!” என்றார் இரத்தினவேல் மனைவியிடம். “இப்பவும் எப்பிடிக் கூசாமல் சொல்லுறான் எண்டு.”

மங்கையற்கரசி வடைத் தட்டோடு அப்படியே நின்றாள். இத்தனை வருசமாக அவள் கேட்ட கதையில் அலெக்ஸாண்டர் என்று ஒருவர் வந்ததேயில்லை. சற்று முன்னால் தன் கணவர் வாசலில் நின்று, “வாங்கோ அமிர்தநாதர்” என்று பல்லைக் காட்டியது வேறு அவளுக்குள் திரும்பத் திரும்ப ஓடியது.

“இஞ்சாருங்கோ,” என்றாள். “நீங்கள் எப்பவும் ஹோல்றொயிட் எண்டெல்லோ சொல்லுறனீங்கள். அலெக்ஸாண்டர் ஆர்?”

“அவர்தான். அலெக்ஸாண்டர் ஹோல்றொயிட். வயசுக்கு மூத்த மனுசனைத் தேப்பன்ர பேரைச் சொல்லிக் கூப்பிடுறதோ? நாங்கள் எல்லாரும் அலெக்ஸாண்டர் ஐயா எண்டுதான் கூப்பிடுறது.”

“வெள்ளைக்காரர் சீட்டில எந்தப் பேரை முன்னுக்குப் போடுவினம்?”

“குடும்பப் பேரைத்தான். ‘ஹோல்றொயிட்’ எண்டு பெரிசாய்ப் போட்டு, பக்கத்தில சின்னனாய் ‘அலெக்ஸாண்டர்’ எண்டு இருந்தது. நான் இரண்டாவது வரியிலதானே போட்டனான், எனக்குத் தெரியாதோ?”

“நீங்கள் இரண்டாவது வரியில போட்டனீங்கள். இவர் முதலாவது வரியில போட்டவராம்.” அவள் தட்டை மேசையில் வைத்தாள். “முதலாவது வரியில கொட்டை எழுத்தில இருந்த அலெக்ஸாண்டர் ஆரப்பா? உங்கட கேணலுக்கு ஒரு பேர் இருந்திருக்கும்தானே?”

இரத்தினவேல் சட்டென்று பதில் சொல்ல வாயைத் திறந்தார். முப்பத்தொரு வருசமாகக் கடித்த பல்லுக்குப் பின்னால் கிடந்த பெயர் வெளியே வர நேரம் எடுத்தது.

“கேணல் சிறில்…” என்றார். “கேணல் சிறில் அலெக்ஸாண்டர்.”

தொலைக்காட்சியில் யாரோ வெள்ளைக்காரர் வெற்றி பெற்றதற்கு நன்றி சொல்லிக்கொண்டிருந்தார். மகன் போய் அதை நிறுத்தினான். கெட்டிக்காரன், ஆனால் வாயை வைத்துக்கொண்டு சும்மா இருக்கமாட்டான். “அப்பா, அந்த ஐஞ்சும் சரியான ஆளுக்கு விழுந்திருந்தால் உங்கட ஆள் எட்டு வோட்டால வெண்டிருப்பார்,” என்றான்.

மங்கையற்கரசி அவனை முறைத்தாள். அவளுக்கு உள்ளே ஒரே பயம். சீமோன் துரோகி இல்லை என்பது நல்லதுதான். ஆனால் பிழை தன் வாயிலிருந்து புறப்பட்டது என்று தெரிந்தபிறகு தன் மனுசன் என்ன செய்வார்? ரோசக்காரர். சொந்தப் பிழையைப் பார்த்துவிட்டு இன்னும் இறுகிப்போன ஆம்பிளைகளை அவள் கண்டிருக்கிறாள். வேரோனிக்கா தன் சேலைத் தலைப்பை விரலில் சுற்றிக்கொண்டிருந்தாள். பிறம்ரனில் அந்தப் பிள்ளை ரெலிபோனுக்குப் பக்கத்திலேயே இருப்பாள் என்று மங்கையற்கரசி நினைத்துக்கொண்டாள்.

சீமோன்தான் முதலில் அசைந்தார். அவருடைய தோள் குலுங்கியது. அழுகிறாராக்கும் என்று பார்த்தால், சிரிக்கிறார்.

“அப்ப நாங்கள் கேணலின்ர காரிலயும் போய், கேணலுக்கே புள்ளடியும் போட்டிட்டு வந்திருக்கிறமடா வேல்! அந்தாள் காருக்கு விட்ட பெற்றோல் வீண்போகேல்லை!”

இரத்தினவேல் சிரிக்கவில்லை. அவர் கைகளைப் பார்த்துக்கொண்டு பேசினார்.

“எண்ணி முடிச்ச அண்டு ராத்திரி ஐயா என்னைக் கூப்பிட்டவர். நான் வெக்கத்தில தலை நிமிரேல்லை. ஐஞ்சு வோட்டுத் தாறன் எண்டு சொன்னவனெல்லோ. அவர் என்ர தோளில கைபோட்டு, ‘உன்ர பெடியள் என்னைக் கைவிட்டிருக்கமாட்டாங்கள், எனக்குத் தெரியும்’ எண்டவர். எனக்கு ஆறுதலுக்குச் சொல்லுறார், பாவம், உலகம் தெரியாத மனுசன் எண்டு நினைச்சன்.” அவர் நிறுத்தினார். “அந்தாளுக்குத் தெரிஞ்சிருக்குது. எனக்குத்தான் தெரியேல்லை. நீங்கள் ஒருத்தரும் கைவிடேல்லையடா. மழைக்குள்ள போய், அந்தாளின்ர பேரைத் தேடிப் பார்த்துத்தான் போட்டிருக்கிறியள்.”

“வேறென்னடா,” என்றார் சீமோன். இப்போது அவருக்கும் சிரிப்பு நின்றுபோயிருந்தது. “எங்களுக்கு இருக்க இடம் தந்த மனுசனடா.”

இரத்தினவேல் வேட்டித் தலைப்பால் முகத்தைத் துடைத்தார். துடைத்துவிட்டு நிமிர்ந்தபோது, மங்கையற்கரசி அந்த முகத்தில் ஒரு இளந்தாரியைக் கண்டாள். கல்யாணம் முடித்து இத்தனை வருசத்தில் அவளுக்கு அறிமுகமாகாத இளந்தாரி. கேணல், கார், துரோகம் என்ற பாரத்தை ஏற்றுமுன் இந்த மனுசன் இப்படித்தான் இருந்திருப்பார் போல. அவளுக்கு அப்பாடா என்றிருந்தது. அருகில் இருந்த கதிரையில் பொத்தென்று உட்கார்ந்துவிட்டாள். இனி யார் வந்தாலும் அறுபத்தாறில் குரல் இறங்காது, கதை சிரிப்பில் முடியும், எத்தனை தரமென்றாலும் இருந்து கேட்கலாம் என்று நினைத்தாள்.

“அப்ப அண்ணை,” என்றாள் வேரோனிக்கா, இன்னும் பயம் தெளியாமல், “உந்த நெதர்பெக் ஆக்களுக்கு இனி ஆட்சேபணை ஒண்டும் இல்லையோ?”

“நெதர்பெக் செத்துப் பதினாலு வருசம் தங்கச்சி,” என்றார் இரத்தினவேல். அதை அவர் சொல்லி மங்கையற்கரசி கேட்டது அதுதான் முதல் தடவை.

சீமோன் எழுந்து கோட்டைச் சரிசெய்தார். கேக் பெட்டியை இரண்டு கையாலும் எடுத்து நீட்டினார். “வேல், என்ர மேளின்ர பேர் ஏஞ்சலா. சீட்டில அமிர்தநாதர் எண்டு கிடக்கும். தேப்பன் சீமோன். மூண்டையும் வடிவாய்ப் பார்த்து, விளங்கிக்கொண்டு புள்ளடியைப் போடு. பிறகு ஆள் மாறிப்போச்செண்டு முப்பது வருசம் என்னோட கோவிக்கக் கூடாது.”

இரத்தினவேல் பெட்டியை வாங்கவில்லை. பெட்டியோடு சேர்த்து ஆளையே இழுத்துக் கட்டிக்கொண்டார். நடுவில் அகப்பட்ட கேக் என்ன பாடு பட்டது என்று யாரும் பார்க்கவில்லை. மகன் அதற்குள் மேலே ஓடிவிட்டான். பிறம்ரனுக்கு ரெலிபோன் எடுத்து அவன் கத்திச் சொல்வது கீழே வரை கேட்டது.

சம்பந்தி என்கிற உறவு மரியாதையான உறவு. நீங்கள், உங்கள் என்று பன்மையில்தான் பேசவேண்டும், எதிரே கால்மேல் கால்கூடப் போடக்கூடாது. மங்கையற்கரசியின் அப்பா செத்துப்போகும்வரை தன் சம்பந்திக்கு முன்னால் சால்வையை இடுப்பில் கட்டிக்கொண்டுதான் நின்றார். அதனால் அடுத்ததாகத் தன் கணவர் சொன்னதைக் கேட்டு அவள் வாயைப் பொத்திக்கொண்டாள்.

“டேய் சம்பந்தி,” என்றார் இரத்தினவேல், “இரடா. தேத்தண்ணி ஆறப்போகுது.”